அஞ்ஞாதவாசத்தில் உழைப்பாளி: தென்னிந்திய மௌனப்படங்களிற் சாமானிய மக்கள்

1

மட்டக்களப்பின் வட எல்லையில், வாகரைக்கும் வெருகலுக்கும் இடையே கிடக்கும் கதிரவெளியிலிருந்து மௌனப்படத்தைப் பற்றி எழுதப் புகுபவனுக்கு முதலில் நினைவிற்கு வருவது சினிமா அன்று, கூத்துக் களரியே. மட்டக்களப்புக் கிராமங்களின் வடமோடிக் கூத்தில், விடியும்வரை வில்லேந்தி அருச்சுனனாக ஆடியவர், விடிந்ததும் முடியைக் கழற்றி வைத்துவிட்டு வயலுக்கோ கடலுக்கோ செல்வார். அவர் யாரென்பது களரியைச் சூழ்ந்திருந்தோர் அனைவருக்கும் தெரியும். தெரிந்திருந்தும் அவரை அரசனாக ஏற்றுக்கொள்வதில் அவர்களுக்கு இடர்ப்பாடு எதுவும் இருப்பதில்லை. கூத்திலே உழைப்பாளி அரச வேடம் பூணுகிறான்.

தென்னிந்திய மௌனப்படங்களை இவ்வனுபவத்தின் பின்னணியில் நோக்கும்பொழுது ஒரு தலைகீழ் மாற்றம் புலனாகின்றது. அங்கே அரசன் உழைப்பாளி வேடம் பூணுகிறான். வேடம் கலையும்வரை அவன் சமைக்கிறான், மாடு மேய்க்கிறான், கூலி வேலை செய்கிறான். கலைந்ததும் தனக்குரிய சிம்மாசனத்துக்கோ செல்வக் குடும்பத்துக்கோ மீள்கிறான். உழைப்பு என்பது மேலோர் சிறிது காலம் மறைந்திருப்பதற்கான போர்வையாகவே அத்திரையில் இடம்பெற்றது. இதனையே இக்கட்டுரை ‘அஞ்ஞாதவாசம்’ என்று குறிப்பிடுகின்றது.

தமிழ்ச் சினிமாவின் சமூகப் பங்கு பற்றிய ஆய்வுகளிற் பெரும்பாலானவை 1931இற்குப் பின்வந்த பேசும்படங்களையே அடிப்படையாகக் கொண்டன. வசனமும் பாட்டும் அரசியலோடு கொண்ட தொடர்பே அவற்றின் முதன்மை விடயமாயிற்று. மௌனப்படக் காலமோ தொடக்க முயற்சிகளின் வரலாறாக, முன்னோடிகளின் பெயர்ப்பட்டியலாக மட்டும் நின்றுவிடுகின்றது. பேச்சு வருமுன்னரே, யார் திரையிற் தோன்றலாம், யார் தோன்றக்கூடாது என்ற வினாவுக்கு எமது சமூகம் ஒரு விடையைக் கூறிவிட்டது என்பதும், அவ்விடையின் விளைவுகள் பின்வந்த சினிமாவையும் தொடர்ந்தன என்பதும் இங்கு வலியுறுத்தப்படுகின்றன. ஏறத்தாழ அதே ஆண்டுகளில், அந்நிய ஆட்சியின் கீழிருந்த கொரியாவிலும், மராட்டியப் பகுதியின் கோலாப்பூரிலும் வேறுபட்ட விடைகள் கூறப்பட்டன. ஒப்புநோக்கு வேண்டி அவையும் இறுதியில் எடுத்துக்கொள்ளப்படும்.

2

திரையை நோக்குமுன் கொட்டகையை நோக்குதல் வேண்டும். தென்னிந்தியாவில் நகரும் படத்தை ஊர் ஊராகக் கொண்டுசென்றவர்களுள் முதன்மையானவர் சாமிக்கண்ணு வின்சென்ற். திருச்சிராப்பள்ளியில் ரயில்வே ஊழியராயிருந்த அவர், 1905இல் டுப்போன் என்னும் பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம் காட்டும் கருவியையும் சில துண்டுப் படங்களையும் வாங்கிக்கொண்டு, கூடாரம் அடித்துப் படம் காட்டத் தொடங்கினார். 1914இல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் என்ற நிலையான அரங்கையும் நிறுவினார். சிறு சம்பளக்காரர் ஒருவரின் முயற்சியாலேயே இவ்வூடகம் எம்மவரிடையே வேரூன்றியது என்பது மனங்கொள்ளத்தக்கது.

கூடாரத்தின் முற்பகுதியில், தரையில், குறைந்த கட்டணத்தில் அமர்ந்தவர்களே இத்தொழிலின் பொருளாதார அடித்தளமாயினர். கோயிலின் உட்பிரகாரமும் சபாக்களின் சங்கீதக் கச்சேரியும் எட்டாதிருந்த மக்களுக்குச் சினிமாக் கொட்டகை திறந்திருந்தது. பேராசிரியர் கார்த்திகேசு சிவத்தம்பி, தமிழ்ச் சினிமாவை அரசியற் தொடர்புச் சாதனமாக ஆராய்ந்த தமது 1981ஆம் ஆண்டு நூலில், தமிழர் அனைவரும் ஒரே கூரையின் கீழ் அமர்ந்த முதற் கலையரங்கு சினிமாக் கொட்டகையே என்றும், அங்கே இருக்கையைத் தீர்மானித்தது சாதிப் படிநிலையன்று, வாங்கும் சக்தியே என்றும் எடுத்துக்காட்டினார். எமது கலை வரலாற்றாய்வில் இது ஓர் அடிப்படையான கருத்தாகும்.

அக்கொட்டகையில் இன்னொருவரும் இருந்தார். திரையின் அருகே நின்று, எழுத்தட்டைகளை உரக்க வாசித்து, கதையை விளக்கி, தம் சொந்தச் சரக்கையும் கலந்து பேசியவர் அவர். எழுத்தறியாதோர் நிறைந்த சபையில் எழுத்தட்டை மட்டும் கதை சொல்ல முடியாது. படம் எங்கோ தயாரிக்கப்பட்டதாயினும், விளக்குபவரின் பேச்சு ஊர்ப் பேச்சாயிருந்தது. கூத்திலே கட்டியகாரன் வகிக்கும் இடத்தோடு இதனை ஒப்பிடலாம். அரசன் வரவைக் கூறுபவனும் அவனே. அரசனுக்கும் சபைக்கும் இடையே நின்று சபையின் மொழியிற் பேசுபவனும் அவனே.

ஆகவே மௌனப்படக் காலத்தில் சாமானியன் தரையில் இருந்தான். திரையருகே குரலாகவும் இருந்தான். திரையினுள் இருந்தானா என்பதே வினா. பார்வையாளர் சமத்துவம் பற்றிய சிவத்தம்பியின் கருத்தை ஏற்றுக்கொள்ளும் அதேவேளை, அச்சமத்துவம் திரைவரை சென்றதா என்ற வினாவைத் தனியாக எழுப்புதல் அவசியமாகின்றது. ஒரு கூரையின் கீழ் இருப்பது ஒன்று; அக்கூரையின் கீழ் உருவமாகத் தோன்றும் உரிமை இன்னொன்று.

3

தென்னிந்தியாவில் தயாரிக்கப்பட்ட முதற் கதைப்படம் ஆர். நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’. மோட்டார் வாகன உதிரிப்பாக வணிகத்தில் ஈடுபட்டிருந்த முதலியார், பூனாவில் ஆங்கிலேய ஒளிப்பதிவாளர் ஒருவரிடம் கமராவைக் கையாளும் முறையைப் பயின்று, சென்னைப் புரசைவாக்கத்தில் முதல் உலகப் போர்க் காலத்தில் இப்படத்தை உருவாக்கினார். தொடர்ந்து ‘திரௌபதி வஸ்திராபஹரணம்’ முதலிய புராணப் படங்களை எடுத்தார். பல மொழி பேசும் சந்தையில், முன்கூட்டியே அறியப்பட்ட கதை வணிகப் பாதுகாப்பு மிக்கதென்பதால் இத்தெரிவு விளங்கிக்கொள்ளக்கூடியதே.

ஆயினும் பாரதத்தின் எண்ணற்ற கிளைக்கதைகளுள் முதலில் எடுக்கப்பட்டது எது என்பதைக் கவனித்தல் வேண்டும். விராடனின் அரண்மனையிற் பீமன் மடைத்தொழில் செய்கிறான். நகுலன் குதிரைகளைப் பேணுகிறான். சகாதேவன் மாடுகளைக் காக்கிறான். பாஞ்சாலி அரசியின் பணிப்பெண்ணாய் நிற்கிறாள். வேலைக்காரியிடம் தன் அதிகாரத்தைச் செலுத்தலாம் என எண்ணிய கீசகன், அவள் உண்மையில் வேலைக்காரியல்லள் என்பதாலேயே அழிகிறான்.

இக்கதையின் சமூக உள்ளடக்கம் கூர்ந்து நோக்கத்தக்கது. பணிப்பெண் மீது அதிகாரத்திலுள்ளவன் கைவைத்தல் பண்ணையிலும் தோட்டத்திலும் அன்றாட நிகழ்ச்சி. தரையில் அமர்ந்திருந்த பெண்களுட் பலருக்கு அது கதையன்று. அவ்வநீதி திரையிற் காட்டப்பட்டு, அதற்குத் தண்டனையும் வழங்கப்படுவது அவர்களுக்கு உணர்ச்சிபூர்வமான நிறைவைத் தந்திருத்தல் கூடும். ஆனால் நியாயம் கிடைப்பதற்கான காரணம், அவள் அரச குலத்தவள் என்பதும், மடைப்பள்ளியில் நிற்பவன் பாண்டவன் என்பதுமாகும். உண்மையான பணிப்பெண்ணுக்கு அத்தகைய சமையற்காரன் எவனும் இல்லை. மக்களின் துன்பம் கடன்வாங்கப்படுகின்றது. தீர்வோ குலத்தாலே கிடைக்கின்றது. புராணப் படங்களில் மக்கள் இல்லை என்று சொல்வது முழுமையான கூற்றாகாது. மக்களின் தொழில்கள் இருந்தன, மக்களின் அவமானங்கள் இருந்தன. அவற்றைச் சுமப்பவர்களாக மக்கள் மட்டும் இருக்கவில்லை.

இலங்கையின் முதல் மௌனக் கதைப்படமும் பெயரளவிலேயே அரசரைச் சார்ந்தது. 1925இல் ரி. ஏ. ஜே. நூர்பாய் தயாரித்த ‘ராஜகீய விக்ரமய’ என்னும் அப்படத்திற் கதாநாயகனாக நடித்தவர், பிற்காலத்தில் இந்நாட்டின் தொழிலாளர் இயக்கத் தலைவர்களுள் ஒருவராகவும், 1935இல் தோன்றிய லங்கா சமசமாஜக் கட்சியின் நிறுவுநர்களுள் ஒருவராகவும் விளங்கிய கலாநிதி என். எம். பெரேரா. வெளிநாட்டிற் காட்டப்பட்ட அப்படம் இலங்கையில் திரையிடப்படுமுன்னரே தீயில் அழிந்தது. தொழிலாளருக்காகப் பேசவிருந்த ஒருவர்கூட, அன்றைய திரையில் இடம்பெற அரச சாகசக் கதையொன்றே வாயிலாக அமைந்தது.

4

1929இல் ஏ. நாராயணன் சென்னையில் ஜெனரல் பிக்சர்ஸ் கோர்ப்பரேஷனை நிறுவியதோடு தென்னிந்திய மௌனப்படத் தயாரிப்பு ஓரளவு தொழில் முறைப்பட்டது. புதுக்கோட்டையைச் சேர்ந்தவரும், உடற்பயிற்சி வீரராயிருந்து பம்பாய்ப் படங்களிற் புகழ்பெற்றவருமான ராஜா சாண்டோ சென்னைக்குத் திரும்பி, 1930ஐ ஒட்டிய ஆண்டுகளிற் ‘பேயும் பெண்ணும்’, ‘அநாதைப் பெண்’ முதலிய சமூகப் படங்களை நெறிப்படுத்தினார். ‘நந்தனார்’ கதையும் அவ்வாண்டுகளில் மௌனப்படமாயிற்று. தேசிய இயக்கமும் தீண்டாமை எதிர்ப்பும் வலுப்பெற்றுவந்த சூழலில் இம்மாற்றம் நிகழ்ந்தது. அரண்மனையிலிருந்து சமூகத்தை நோக்கித் திரும்பிய பார்வை என்ற வகையில் இது முற்போக்கானதே.

எனினும் நந்தனார் கதையைத் தெரிவுசெய்ததன் பொருள் என்ன என்பதை ஆராயாமல் விடுதல் தகாது. பெரியபுராணத்தில் இல்லாத வேதியப் பண்ணையாரைக் கோபாலகிருஷ்ண பாரதியாரின் சரித்திரக் கீர்த்தனை 19ஆம் நூற்றாண்டிற் கதையினுட் கொண்டுவந்தது. அதன்மூலம் பண்ணையடிமை முறை முதன்முறையாக அக்கதையிற் தெளிவாகப் புலப்பட்டது. ஆனால் அங்கேயும் நந்தனாருக்கு இடப்பட்ட வேலை இறையருளால் ஓரிரவில் முடிந்துவிடுகின்றது. உழவனின் உழைப்பே கதையின் நெருக்கடியாயிருக்க, அந்நெருக்கடி உழவனின் கையால் தீர்வதில்லை. பின்னர் அவர் தீயினுட் புகுந்து, தாம் பிறந்த உடம்பை விட்டு, முப்புரிநூல் அணிந்த முனிவராக எழுந்தே கோயிலுக்குள் நுழைய முடிகின்றது.

விராடன் கதைக்கும் நந்தன் கதைக்கும் இடையே மேலோட்டமாக ஒற்றுமை இல்லை. ஆழ்ந்து நோக்கின் இரண்டும் ஒரே கருத்தியலின் இரு பக்கங்களாகும். முதலாவதில் அரச உடம்பின் மேல் உழைப்பாளி வேடம் போர்த்தப்பட்டுப் பின்னர் களையப்படுகின்றது. இரண்டாவதில் உழைப்பாளியின் பிறந்த உடம்பே களையப்பட வேண்டிய வேடமாகக் கருதப்பட்டு எரிக்கப்படுகின்றது. இரண்டு கதைகளின் முடிவிலும் திரையில் உழைப்பாளி எஞ்சுவதில்லை. சீர்திருத்தப் படம் மக்களுக்கு இரக்கத்தை வழங்கிற்று, இருப்பை வழங்கவில்லை.

5

ஈழத்து வாசகருக்கு நெருக்கமான இன்னொரு சான்று திருவிதாங்கூரிலிருந்து கிடைக்கின்றது. இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்து அகஸ்தீஸ்வரத்தோடு தொடர்புடைய ஜே. சி. டானியல், தமது நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் திருவிதாங்கூர் நாஷனல் பிக்சர்ஸ் என்னும் கம்பனியை அமைத்து ‘விகதகுமாரன்’ என்ற மௌனப்படத்தைத் தயாரித்து, நெறிப்படுத்தி, முக்கிய பாத்திரத்தையும் ஏற்றார். படம் வெளியான ஆண்டு 1928 என்றும் 1930 என்றும் இருவேறாகக் கூறப்படுகின்றது. மலையாளத் திரைப்பட வரலாறு இதனையே தன் தொடக்கமாகக் கொள்கின்றது. புராணத்தைக் கைவிட்டுச் சமகாலச் சமூகத்தை எடுத்துக்கொண்டமை அதன் துணிவாகும்.

அதன் கதை இலங்கையைத் தொடுகின்றது. திருவிதாங்கூர்ச் செல்வர் ஒருவரின் மகன் சந்திரகுமாரன் குழந்தைப் பருவத்தில் கடத்தப்பட்டு இலங்கைக்குக் கொண்டுவரப்படுகிறான். தோட்டமொன்றிற் தொழிலாளியாக வளர்கிறான். வெள்ளைக்கார மேலதிகாரியின் அன்பைப் பெற்று, அத்தோட்டத்தின் மேற்பார்வையாளர் பதவிவரை உயர்கிறான். பின்னர் தாயகம் திரும்பும் அவனை, முதுகிலுள்ள தழும்பு ஒன்று இன்னான் என அடையாளம் காட்டுகின்றது.

தென்னிந்திய மௌனத்திரையில் இலங்கைத் தோட்டத் தொழிலாளி நுழைந்த விதம் இது. அன்றைய நிலையை எண்ணிப் பார்த்தல் வேண்டும். மண்டபம் முகாமினூடாகவும் தலைமன்னார்த் துறையினூடாகவும், கங்காணிமாரின் முற்பணக் கடனிற் கட்டுண்டு, இலட்சக்கணக்கான தமிழ்த் தொழிலாளர் தோட்டங்களுக்கு வந்துகொண்டிருந்தனர். அவர்களை யாரும் குழந்தைப் பருவத்திற் கடத்தவில்லை. வறட்சியும் கடனும் நிலமின்மையும் சாதிக் கொடுமையுமே கொண்டுவந்தன. அவர்களின் முதுகிலும் தழும்புகள் இருந்திருக்கும். அவை எந்தச் செல்வக் குடும்பத்தையும் அடையாளம் காட்டுவனவல்ல.

விகதகுமாரனின் கதையிற் தோட்டம் என்பது ஒரு பொருளாதார அமைப்பன்று. தொலைந்த வாரிசு கிடந்த இடம் மட்டுமே. தோட்டத்து வாழ்க்கை அவனுக்கு நேர்ந்த தற்செயலான இடர். மேலதிகாரியின் அன்பு அவனது உள்ளார்ந்த மேன்மைக்குக் கிடைத்த அங்கீகாரம். விராடனின் மடைப்பள்ளி இங்கே தேயிலைத் தோட்டமாக உருமாறியுள்ளது. அஞ்ஞாதவாசம் என்ற அமைப்போ மாறவில்லை. டானியலின் நன்னோக்கத்தை இதனாற் குறைத்து மதிப்பிட வேண்டியதில்லை. தமக்குக் கிடைத்த கதை மரபின் எல்லைக்குள் நின்றே அவர் சமூகக் கதையைச் சொல்ல முயன்றார். அவ்வெல்லையை அவர் மீறியது கதையில் அன்று, நடிகரைத் தெரிவுசெய்ததில்.

6

விகதகுமாரனில் சரோஜினி என்னும் நாயர் குலப் பெண்ணாக நடித்தவர் பி. கே. றோசி. அவர் தாழ்த்தப்பட்ட புலையர் சமூகத்தைச் சேர்ந்த உழைக்கும் பெண். காக்காரிசி நாடகத்தில் நடித்த அனுபவம் அவருக்கு இருந்தது. தென் திருவிதாங்கூரில், தமிழும் மலையாளமும் கலந்த மொழியில், சிவனும் பார்வதியும் குறவர் போன்ற அலைகுடி மக்களாக வேடம் கொண்டு வரும் நாட்டார் ஆட்டம் அது.

இங்கே நிகழ்ந்ததை எமது களரியின் மொழியிற் கூறுவதாயின், கூத்தின் நியாயம் முதன்முறையாகத் திரைக்கு வந்தது. உழைப்பாளி மேலோர் வேடம் பூண்டாள். விளைவு நாமறிந்ததே. திருவனந்தபுரம் கப்பிற்றல் அரங்கில் நடைபெற்ற தொடக்கக் காட்சியில் றோசிக்கு அனுமதி கிடைக்கவில்லை. தாழ்த்தப்பட்ட பெண் ஒருத்தி நாயர்ப் பெண்ணாகத் தோன்றுவதைக் கண்ட மேற்சாதிப் பார்வையாளர் கொதித்தெழுந்து திரை மீது கல்லெறிந்தனர். துரத்தப்பட்ட றோசி தமிழ்ப் பகுதிக்குத் தப்பிச் சென்று, பெயரை மாற்றி, எஞ்சிய வாழ்நாளை எவரும் அறியாதவராகக் கழித்தார். மீண்டும் அவர் நடிக்கவில்லை. கதைமாந்தருக்கு அஞ்ஞாதவாசம் ஓராண்டு. நடித்த பெண்ணுக்கோ ஆயுள் முழுவதும்.

இந்நிகழ்ச்சி பார்வையாளர் சமத்துவம் பற்றிய கருத்தினைச் செம்மைப்படுத்த உதவுகின்றது. ரிக்கற் வாங்கும் சக்தி தரையில் ஓரிடத்தைப் பெற்றுத் தரலாம். உருவத்தை ஏற்றுக்கொள்ளும் மனத்தைப் பெற்றுத் தராது. மேலும், படத்தில் நடித்தவரே அரங்கினுட் செல்ல முடியாதிருந்தமை, ‘ஒரே கூரை’ என்பதும் எங்கும் எப்பொழுதும் முழுமையாக நிலவியதன்று எனக் காட்டுகின்றது. சிவத்தம்பியின் கருத்து இதனாற் தகர்ந்துவிடாது. சினிமாக் கொட்டகை சாதியை ஒழித்த இடமன்று, சாதி ஒழுங்கு முதன்முறையாகப் பொதுவில் நெருக்கடிக்குள்ளான இடம் என்று அதனை விரித்துப் பொருள்கொள்ளலாம். கல்லெறிதல் அந்நெருக்கடியின் அறிகுறியேயாகும்.

கூத்து ஏற்றுக்கொண்டதைத் திரை ஏன் ஏற்றுக்கொள்ளவில்லை? மூன்று காரணங்களைக் கூறலாம். முதலாவது, கூத்தின் வேடம் வேடமென்றே அறியப்படுவது. முடியும் கரப்புடுப்பும் தாளக்கட்டும் சேர்ந்து, ஆடுபவனையும் ஆடப்படுபவனையும் பிரித்து நிறுத்துகின்றன. கமராவோ முகத்தை முகமாகவே காட்டுகின்றது. ஒப்பனையற்ற முகத்தோடு ஓர் உழைக்கும் பெண் நாயர்ப் பெண்ணாகத் தோன்றி, கண்ணுக்கு வேறுபாடு எதுவும் தெரியாதபொழுது, பிறப்பினால் வேறுபாடு உண்டென்ற கோட்பாடே பொய்யாகின்றது. இரண்டாவது, கூத்திற் கிடைக்கும் அரசுரிமை ஓரிரவுக்குரியது. படச்சுருளோ ஊர் ஊராகச் சென்று அவ்வுருவத்தை நிலைநிறுத்தக்கூடியது. மூன்றாவது, கூத்து கிராமத்தின் அதிகார அமைப்பினுள், போடியார் முதலியோரின் ஆதரவோடும் கண்காணிப்போடும் நிகழ்வது. அதனால் அது அவ்வமைப்பை அச்சுறுத்துவதில்லை.

மூன்றாவது காரணத்தை அழுத்திக் கூறுதல் வேண்டும். இல்லையேல் கூத்தை இலட்சியமாக்கும் தவறு நேரும். எந்தக் களரியில் யார் ஆடலாம் என்பதைச் சாதியே தீர்மானித்தது. பறைமேளக் கூத்துத் தனியொரு சமூகத்தோடு பிணைக்கப்பட்டிருந்தது. பெண் பாத்திரங்களை ஆண்களே ஆடினர். கூத்து வழங்கிய சுதந்திரம் வரையறுக்கப்பட்டது. ஆயினும் அவ்வரையறைக்குள், உழைப்பாளியின் உடம்பு உயர்ந்த பாத்திரத்தைத் தாங்கவல்லது என்ற நம்பிக்கை உயிரோடிருந்தது. சினிமா அந்நம்பிக்கையை விரிவாக்கியிருக்க முடியும். தொடக்கத்திலேயே அது தடுக்கப்பட்டது.

7

இனி ஒப்புநோக்குக்கு வருவோம். 1925இற் கோலாப்பூரில் பாபுராவ் பெயின்ரர் ‘சாவ்காரி பாஷ்’ என்ற மௌனப்படத்தை எடுத்தார். வட்டிக்காரனிடம் நிலத்தை இழந்து நகரத்து ஆலைத் தொழிலாளியாகும் விவசாயியின் கதை அது. பின்னாளிற் பெரும் நெறியாளராகப் புகழ்பெற்ற வி. சாந்தாராம் அவ்விவசாயியாக நடித்தார். வணிகரீதியிற் படம் வெற்றிபெறவில்லை. ஆயினும் இந்த விவசாயி யாருடைய மாறுவேடமும் அல்லன். கதை முடிவில் அவனை அடையாளம் காட்டும் தழும்பு இல்லை. கடன் பத்திரம் ஒன்றே அவன் வாழ்வைத் தீர்மானிக்கின்றது.

அடுத்த ஆண்டு, 1926 ஒக்டோபர் 1ஆம் திகதி, யப்பானிய ஆட்சியின் கீழிருந்த கொரியாவின் சியோல் நகரில் டான்சொங்சா அரங்கிற் ‘அரிராங்’ வெளியாயிற்று. நா ஊன்-கியூ அதனை எழுதி, நெறிப்படுத்தி, நாயகனாகவும் நடித்தார். கல்வி கற்கச் சென்ற இளைஞன் மனம் சிதைந்து கிராமத்துக்குத் திரும்பியிருக்கிறான். நிலப்பிரபுவின் முகவனும் பொலிசாருக்கு வேண்டியவனுமான ஒருவன் அவனது தங்கையைப் பலவந்தப்படுத்த முனைகையில், பித்த நிலையில் அரிவாளால் அவனைக் கொன்றுவிடுகிறான். இரத்தத்தைக் கண்டதும் தெளிவு பிறக்கின்றது. கட்டுண்ட கையோடு அவன் மலைக் கணவாயைக் கடந்து செல்ல, ஊரவர் அரிராங் பாடி வழியனுப்புகின்றனர்.

கீசக வதத்தோடு இதனை ஒப்பிடின் வேறுபாடு துலங்கும். இரண்டிலும் எளிய நிலையிலுள்ள பெண்மீது அதிகாரத்தின் கை நீள்கின்றது. இரண்டிலும் அக்கை துண்டிக்கப்படுகின்றது. ஒன்றில் தண்டிப்பவன் மறைந்திருக்கும் பாண்டவன்; மற்றதில் கடனில் மூழ்கிய குடியானவனின் மகன். ஒன்றில் தண்டித்தவன் அரசுரிமையை நோக்கிச் செல்கிறான். மற்றதிற் சிறையை நோக்கிச் செல்கிறான். அரிவாள் அறுவடைக் கருவி என்பதையும் சேர்த்து எண்ணுக.

கொரியாவிலும் திரையருகே ஒரு விளக்குநர் இருந்தார். பியொன்சா எனப்பட்ட அவர் பெரும் நட்சத்திர மதிப்புடையவர். அரங்கிற் பொலிஸ் அதிகாரிக்கென ஓரிடம் ஒதுக்கப்பட்டிருந்தது. அவர் இருக்கும் வேளை ஒருவிதமாகவும் இல்லாத வேளை வேறுவிதமாகவும் பியொன்சா கதை சொன்னதாகக் கூறுவர். படத்தைத் தணிக்கை செய்யலாம். அதன் அருகே பிறக்கும் பேச்சை முன்கூட்டியே வெட்ட இயலாது. எமது கொட்டகை விளக்குநருக்கும் இவ்வாற்றல் இருந்தது. ஆனால் அவருக்குக் கிடைத்த படம் விராடன் அரண்மனையாயிருந்தது. கொரிய விளக்குநருக்கோ, தன் சபையின் வாழ்வையே காட்டும் படம் ஒன்று கிடைத்தது. குரலும் உருவமும் ஒரு மக்களிடமிருந்தே பிறந்து சந்தித்தபொழுது அப்படம் ஒரு தேசிய நிகழ்ச்சியாயிற்று.

அந்நிய ஆட்சியும் தணிக்கையும் இரு நாடுகளுக்கும் பொதுவானவை. அவ்வாறிருக்க, எமது திரை மக்களை ஒதுக்கியமைக்கு ஆங்கிலேயரை மட்டும் காரணமாக்குதல் பொருந்தாது. றோசி மீது கல்லெறிந்தவர்கள் தணிக்கை அதிகாரிகளல்லர். எமது நிலவுடைமைச் சாதியமைப்பே முதற் தணிக்கையாளனாகச் செயற்பட்டது.

8

‘அரிராங்’ இன்று இல்லை. ‘சாவ்காரி பாஷ்’ மௌனப்படமும் இல்லை. ‘கீசக வத’மும் ‘அநாதைப் பெண்’ணும் ‘விகதகுமார’னும் இல்லை. தென்னிந்தியாவில் தயாரிக்கப்பட்ட நூற்றுக்கு மேற்பட்ட மௌனக் கதைப்படங்களுள் எஞ்சியதாக அறியப்படுவது 1933ஆம் ஆண்டின் ‘மார்த்தாண்ட வர்மா’ ஒன்றே. சி. வி. ராமன்பிள்ளையின் நாவலைத் தழுவிய அப்படம், உரிமை தொடர்பான வழக்கினால் காட்சி நிறுத்தப்பட்டு, நூல் வெளியீட்டாளரின் களஞ்சியத்தில் அகப்பட்டுக் கிடந்தமையாலேயே பிழைத்தது. பின்னர் பூனாவிலுள்ள தேசியத் திரைப்படக் காப்பகத்தை அடைந்தது.

எஞ்சிய அந்த ஒன்றும் எமது கருத்துக்குச் சான்றாகவே நிற்கின்றது. பகைவர்க்கு அஞ்சி மறைந்து திரியும் இளவரசனின் கதை அது. அவனுக்கு உறுதுணையாகும் உயர்குடி வீரன் அனந்தபத்மநாபன், பித்துப்பிடித்த சான்றான் ஒருவனின் வேடத்தில் உலாவுகிறான். ஒடுக்கப்பட்ட சாதியினனின் உருவமும் பித்தனின் உருவமும் இங்கே உயர்குடியின் ஒளிவிடங்கள். கொரியப் படத்திற் பித்து என்பது அடிமைப்பட்ட நாட்டின் காயம். இங்கே அது வசதியான போர்வை.

உருவம் அழிதல் எத்தகைய இழப்பென்பதை இக்கரையில் வாழ்வோர்க்கு விளக்க வேண்டியதில்லை. 2004 டிசம்பர் ஆழிப்பேரலையும், 2006 - 2007இல் வாகரைப் பிரதேச மக்கள் கண்ட ஷெல்வீச்சும் இடப்பெயர்வும் உயிர்களோடும் உடைமைகளோடும் நில்லாது, சுவரில் தொங்கிய திருமணப் படங்களையும் பாடசாலைக் குழுப் படங்களையும் கொண்டுபோயின. இறந்தவரின் முகத்தைக் காட்ட ஓர் அடையாள அட்டை நிழற்படமேனும் இல்லாத வீடுகள் இங்கு உள. ஒரு முகம் பதிவாகியிருப்பதும் பதிவாகாதிருப்பதும் வெறும் அழகியல் விவகாரமல்ல என்பதை அவ்வீடுகள் அறியும். றோசியுடையது என ஐயமின்றிக் கூறத்தக்க படச்சட்டம் ஒன்றுகூட இன்று இல்லை என்பதை அந்நிலையில் நின்றே நாம் வாசிக்கிறோம்.

ஆய்வாளர் செய்யக்கூடியவை சில உள. 1927 - 1928இல் சென்னை வழக்கறிஞர் ரி. ரங்காச்சாரியார் தலைமையில் இயங்கிய இந்தியத் திரைப்பட விசாரணைக் குழுவின் சாட்சியங்கள் அச்சிற் கிடைக்கின்றன. கொட்டகையின் தரையில் இருந்தோரைப் பற்றி மேலோர் என்ன எண்ணினர் என்பதற்கு அவை நல்ல ஆவணங்கள். விளம்பரத் துண்டுகள், பத்திரிகை அறிவித்தல்கள், படம் விளக்கியோர் பற்றிய ஊர் நினைவுகள் என்பனவும் தொகுக்கப்படலாம். மலையாளத் திரைப்பட வரலாற்றாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் பிற்காலத்தில் டானியலைத் தேடிச் சென்று எழுதாதிருப்பின், விகதகுமாரனின் கதையே நமக்குக் கிட்டியிராது. கொரியாவில், 1934இல் எடுக்கப்பட்ட ‘இளமையின் நாற்சந்தி’ என்னும் மௌனப்படம் 2007இற் கண்டெடுக்கப்பட்டு, புதுப்பிக்கப்பட்டு, விளக்குநரின் குரலோடு மீண்டும் மேடையேறியது. கிராமத்தை விட்டு வந்து சியோல் ரயில் நிலையத்திற் பொதி சுமக்கும் இளைஞனின் கதை அது. எஞ்சியுள்ள மிகப் பழைய கொரியப் படத்தின் நாயகன் ஒரு சுமைதூக்கி. எஞ்சியுள்ள தென்னிந்திய மௌனப்படத்தின் நாயகன் ஒரு மன்னன். எவை பிழைத்தன என்பது தற்செயலாயிருக்கலாம். எவை எடுக்கப்பட்டன என்பது தற்செயலன்று.

பின்வந்த சினிமாவை மதிப்பிடுவதற்கும் இதிலிருந்து ஓர் அளவுகோல் கிடைக்கின்றது. இலங்கைத் தமிழ்ப் படங்களில் 1963இன் ‘தோட்டக்காரி’ தோட்டத்துப் பெண்ணைப் பெயரிலேயே தாங்கி வந்தது. தர்மசேன பத்திராஜவின் ‘பொன்மணி’ (1977) யாழ்ப்பாணத்துச் சாதியத்தை நேரே நோக்கியது. செங்கை ஆழியானின் நாவலைத் தழுவிய ‘வாடைக்காற்று’ (1978) மீனவரைக் கதைமாந்தராக்கியது. இவற்றையும் இனி வரும் படங்களையும் நோக்குகையில், ஏழைகள் காட்டப்படுகிறார்களா என்று மட்டும் கேட்டாற் போதாது. காட்டப்படும் உழைப்பாளி கதை முடிவிலும் உழைப்பாளியாகவே, தன் உடம்போடும் தன் பெயரோடும் எஞ்சுகிறானா என்பதும், உழைப்போர் எந்தப் பாத்திரத்தையும் ஏற்று நடிக்க இடமிருக்கின்றதா என்பதும் வினாவப்படுதல் வேண்டும். மட்டக்களப்புக் களரியில் இரண்டாவது வினாவுக்கு நெடுங்காலத்துக்கு முன்னரே ஒரு பகுதி விடை இருந்தது. அதனை முழுமையாக்கும் பொறுப்பு, திரையை நேசிப்போர்க்கும் அதனை விமர்சிப்போர்க்கும் உரியது.